வரப்பில் பூத்ததும் வயலில் பூத்ததும்

என் ஓரகத்தி பரிபூரணத்துக்குக் கவலைப்பட ஒரு காரணம் வேண்டும் என்பதே கிடையாது. பஸ் ஏறி உட்கார்ந்த பிறகு கேஸை மூடினோமா என்று இறங்கி ஓடுவாள். அவள் வீட்டுக்காரர், அதாவது என் கொழுந்தன், ராஜபாளையம் மில்லில் ஷிப்ட் முடித்து வரக் கொஞ்சம் தாமதமானாலும் எனக்குத்தான் போன் வரும். ஒரு ஞாயிற்றுக்கிழமை போதகர் பிரசங்கத்துக்கு நடுவில் இரண்டு தடவை இருமிவிட்டார். அதற்கும் இவள் உபவாசம் இருந்தாள்.

"ஏட்டி, அவிய தொண்டைக்கு அவியளே கவலைப்பட்டுக்கிடட்டும்" என்றேன்.

"ஒங்களுக்கு எல்லாம் வெளையாட்டு, அக்கா" என்றாள்.

இப்படிப்பட்டவள் நிம்மதியாக இருந்தது ஒரே ஒரு விஷயத்தில்தான். அது அவளுடைய விதைச்சோளம். எங்கள் ஊர் மகாராஜபுரத்தில் இப்போது சோளம் போடுகிறவர்கள் மாடு வைத்திருக்கும் சில வீட்டுக்காரர்கள் மட்டுமே. அவர்கள் எல்லோருக்கும் விதை இவள் வயலிலிருந்துதான் போகும். கதிர் முற்றும்போதே நல்ல கதிராகப் பார்த்துத் துணி கட்டி வைப்பாள், தனியாக அடிப்பாள், தனியாகக் காயவைப்பாள். மாசி பிறந்தால் ஒவ்வொருவராகப் பாத்திரத்தோடு வந்து வாங்கிப் போவார்கள். அந்தச் சில நாட்களில் மட்டும் அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். மகளுக்குச் சீர் செய்து அனுப்புகிற தாயின் முகம் அது.

போன மார்கழியில் ஒருநாள் காலையில், பனிகூட விலகவில்லை, என் வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"அக்கா, செத்த நேரம் வயலுக்கு வாங்களேன்."

"என்னட்டி, பாம்பா?"

"பாம்புன்னா பரவாயில்லயே" என்றாள்.

நான் தையல் மெஷினை மூடிவிட்டுப் போனேன். வயலின் கீழ்ப்பக்கம் ஒரு திட்டில் சோளம் வாடிக் கிடந்தது. முந்தின நாள்தான் தண்ணீர் பாய்ச்சியிருக்கிறார்கள், மண் ஈரமாகத்தான் இருந்தது. ஆனாலும் இலையெல்லாம் சுருண்டு மஞ்சளடித்திருந்தது. ஒவ்வொரு சோளத்தட்டையின் காலடியிலும் சாண் உயரத்தில் ஒரு செடி, குச்சி குச்சியாய் இலை, சின்னச் சின்ன வெள்ளைப் பூ.

அந்தப் பூவை நான் அறிவேன். எங்கள் பக்கத்து வரப்பில் எல்லாம் புல்லுக்கு நடுவே பூத்துக் கிடப்பதுதான். அதனால் ஒருவருக்கும் கெடுதல் கிடையாது, அதற்கென்று ஒரு பெயர்கூட யாரும் வைக்கவில்லை. ஆனால் அதே உயரம், அதே இலை, அதே வெள்ளைப் பூவோடு இன்னொன்றும் இருக்கிறது. அதற்குச் சுடுமல்லி என்று பெயர். அது சோளத்தின் வேரில் தன் வேரைச் செருகி உறிஞ்சிக் குடிக்கும். அதன் விதை தூசியாக இருக்கும், கண்ணுக்குத் தட்டாது. சோளத்தோடு ஒட்டிக்கொண்டு போகிற இடத்துக்கெல்லாம் போகும். ஒரு மண்ணில் விழுந்துவிட்டால் வருஷக்கணக்காக உயிரோடு கிடக்கும்.

"இது வரப்புப் பூவா, சுடுமல்லியா அக்கா?"

"எனக்கு ரெண்டும் ஒண்ணாத்தான் தெரியுது."

"சுடுமல்லின்னா நான் குடுத்த வெதையோட எல்லார் வயலுக்கும் போயிருக்குமே. நேத்துக்கூட முத்துப்பாண்டி, மாசியில வாரேன்க்கா, எனக்கு எடுத்து வச்சிருங்கன்னு சொல்லிட்டுப் போனானே" என்றாள்.

வழக்கமாக இந்த இடத்தில் நான் ஏதாவது கிண்டல் செய்வேன். அன்றைக்கு வாய் வரவில்லை. என் தங்கை மகள் எலினா ராஜபாளையத்தில் கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுக்கிறாள், அவளிடம் செடியைக் காட்டிக் கேட்டுவிடலாம் என்றேன். மறுநாளே புறப்பட்டோம். செடியை நானே பறித்து வருகிறேன் என்று முன்னால் போன பரிபூரணம், ஈரத்துணி சுற்றி டிபன் பாக்ஸில் வைத்துக்கொண்டு பஸ் ஸ்டாப்புக்கு வந்தாள்.

மார்கழி என்பதால் ஸ்ரீவில்லிபுத்தூர் வரைக்கும் பஸ்ஸில் ஆண்டாள் கோயிலுக்குப் போகிற கூட்டம். நின்றுகொண்டேதான் போனோம். அந்த நெரிசலிலும் இவள் டிபன் பாக்ஸைத் திறந்து திறந்து பார்த்தாள். "சாப்பாடு கெட்டுப்போச்சாம்மா?" என்று ஒரு மாமி விசாரித்தார். இவள் மூடியை அழுத்தி மூடிக்கொண்டாள். ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்கி வேறு பஸ் பிடித்து ராஜபாளையம் போய்ச் சேர்ந்தபோது எலினா எங்களுக்காக வீட்டு வாசலிலேயே நின்றாள்.

எலினா செடியை மேஜையில் பரப்பினாள். ஒரு சின்ன லென்ஸை எடுத்துக் கண்ணோடு ஒட்டி வைத்துப் பார்த்தாள்.

"பூவ மட்டும் பாத்தா ரெண்டும் ஒண்ணுதான், பெரியம்மா. பூவத் தாங்கி அடியில பச்சையா ஒரு குழல் இருக்குல்ல, அதத்தான் பாக்கணும். அதுல மேலயிருந்து கீழ வரைக்கும் வரிவரியா ஓடும். இங்க சோளத்துல வர்ற வெள்ளச் சுடுமல்லின்னா தள்ளித் தள்ளி அஞ்சு வரிதான் இருக்கும். இதுல பாருங்க, நெருக்கமா பதினஞ்சு. இது புல்ல நம்பிப் பொழைக்கிறது."

"எல்லாச் செடியிலயுமா?" என்று கேட்டேன்.

"எல்லாத்துலயும்தான்."

நான் கைதட்டியே விட்டேன். எலினா பரிபூரணத்தைப் பார்த்து, "இதெல்லாம் வயலுக்குள்ள எடுத்ததுதான சித்தி?" என்று கேட்டாள். பரிபூரணம் தலையை ஒரு மாதிரி ஆட்டினாள். அது ஆமாவா இல்லையா என்று எனக்கு விளங்கவில்லை, நான் சந்தோஷத்தில் கவனிக்கவும் இல்லை. கிளம்பும்போது பரிபூரணம், "அந்த லென்ஸ ரெண்டு நாளைக்குத் தாரியாம்மா?" என்று கேட்டு வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டாள். சரி, கவலைப்படுகிறவளுக்குப் புதுசாக ஒரு சாமான் கிடைத்துவிட்டது என்று நினைத்தேன்.

திரும்பும்போது ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டில் டீ வாங்கிக் கொடுத்தேன். அவள் குடிக்கவில்லை. டம்ளரை வைத்துக்கொண்டே நின்றாள். டீயில் ஆடை படர்ந்தது.

"குடிச்சுத் தொலையேன். அதான் நல்லதுன்னு சொல்லியாச்சுல்ல?"

"அக்கா, நான் வரப்புலதான் பறிச்சேன்."

எனக்குச் சட்டென்று புரியவில்லை. புரிந்தபோது பற்றிக்கொண்டு வந்தது. "ஏட்டி, ஒனக்கு மூள இருக்கா? ரெண்டு பஸ் மாறி என்னைய இழுத்துட்டு வந்தது வரப்புப் பூவ வரப்புப் பூவுன்னு கேக்கவா?"

"வயலுக்குள்ள போயிக் குனிஞ்சேன். கை போகல. ஒரு நல்ல வார்த்த கேட்டுட்டா மனசு அடங்கிரும்னு நெனச்சேன். கேட்டாச்சு. அடங்க மாட்டேங்குதே, நான் என்ன செய்ய?"

கோபம் போன இடம் தெரியவில்லை. டாக்டரிடம் போகிறவர்கள் வலிக்கிற இடத்தை விட்டுவிட்டு வேறு இடத்தைக் காட்டுவதை நான் பார்த்திருக்கிறேன், நானே செய்திருக்கிறேன். அவள் கையிலிருந்த டம்ளரை வாங்கி வைத்துவிட்டு ஊருக்குப் போகிற வத்திராயிருப்பு பஸ்ஸில் ஏற்றினேன்.

வீட்டுக்குப் போகாமல் நேராக வயலுக்கே போனோம். வெளிச்சம் நன்றாக இருந்தது. வாடிய திட்டுக்குள் உட்கார்ந்து, முடிச்சை அவிழ்த்து லென்ஸை எடுத்தாள். ஒரு பூவைக் கிள்ளி அடியைப் பார்த்தாள். உதடு மட்டும் அசைந்தது. இன்னொன்றைக் கிள்ளினாள். பிறகு அடுத்த தட்டையின் காலடியில் ஒன்று. கடைசியில் லென்ஸை என்னிடம் நீட்டினாள்.

ஐந்து வரிதான் இருந்தது. எனக்கே தெரிந்தது, அவ்வளவு துலக்கமாக.

"ரெண்டு வருஷமா இந்த ஓரத்துல அங்கொண்ணும் இங்கொண்ணுமா பூத்துச்சு, அக்கா. வரப்புல இருக்கிறதுதான் உள்ள எட்டிப் பாக்குதுன்னு நெனச்சேன். ஒலகத்துல இருக்கிற அம்புட்டுக்கும் பயந்தேன், இதுக்குப் பயப்படலயே" என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

நான் ஒரு யோசனை சொன்னேன். காய் முற்றுவதற்குள் எல்லாவற்றையும் பிடுங்கிக் கொளுத்திவிடலாம், மாசியில் கேட்டு வருகிறவர்களிடம் விதையை எலி தின்றுவிட்டது என்று சொல்லிவிடலாம், பேரும் கெடாது. அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். "போன வருஷம் குடுத்தத எந்த எலி திங்கும்?" என்று கேட்டாள். பிறகு அவளே முத்துப்பாண்டிக்குப் போன் போட்டாள்.

முத்துப்பாண்டி எங்கள் தெருவில் நாலு மாடு வைத்துப் பால் ஊற்றுகிறவன். கேனைக்கூட இறக்காமல் பைக்கில் வந்து நின்றான். என்ன பேசப் போகிறாளோ என்று நான் அவள் முகத்தையே பார்த்தேன். அவள் சுற்றி வளைக்கவில்லை.

"முத்துப்பாண்டி, என் வயல்ல சுடுமல்லி. ரெண்டு வருஷமா இருந்திருக்கு. நான் அறியாமப் போயிட்டேன். என் வெதைய இனி யாரும் தொடக்கூடாது. ஒன் வயல்ல நான் வந்து பாக்கணும், மத்தவுக வயல்லயும் பாக்கணும். முளைச்சிருந்தா நானே உக்காந்து பிடுங்கித் தாரேன். என்னைய மன்னிச்சிரு."

அவன் பூவைப் பார்க்கவே இல்லை. காலால் மண்ணைக் கிளறிக்கொண்டு நின்றான்.

"எனக்குத் தெரியும்க்கா" என்றான்.

"என்ன தெரியும்?"

"போன வருஷத்துக்கு முந்தின வருஷம் ஒங்க வெதைய வெதச்சேன்ல, அதுல இதே பூ ரெண்டு மூணு வந்துச்சு. காய் பிடிக்குமுன்ன பிடுங்கிட்டேன். வெதையில வந்துச்சா, வெள்ளத்துல வந்துச்சான்னு எனக்குச் சொல்லத் தெரியல. போன வருஷம் வாங்குனத வெதைக்கல."

"வெதைக்காம?"

"அரச்சு தோசை ஊத்திட்டோம்க்கா."

எனக்கு வந்த ஆத்திரத்தில், "வாயத் தொறந்து ஒரு வார்த்த சொன்னா என்னலே?" என்று கத்தினேன்.

"எப்படிச் சொல்ல? போதகரய்யா இருமுனதுக்கே பட்டினி கெடந்தவுக. இதச் சொன்னா என்னாவாகன்னு எல்லாருக்கும் பயம்தான். வாங்காம விட்டாலும் ஏன்னு கேப்பாக. அதான்..."

பரிபூரணம் அவனை இடைமறித்தாள். "எல்லாருக்குமா? அப்ப மத்தவுகளும்?"

"நான்தான் சொன்னேன்க்கா, அப்பவே. அவுக வயல்ல வந்ததயும் காய் பிடிக்குமுன்ன பிடுங்கிட்டாக. போன வருஷம் கடையில பாக்கெட் வெத வாங்கித்தான் போட்டாக."

"ஒருத்தரும் வெதைக்கலயா? நல்லா யோசிச்சுச் சொல்லு. ஒரு வீட்டுலகூடவா வெதைக்கல?"

"ஒரு வீட்டுலயும் வெதைக்கலக்கா. சத்தியமா."

"ஸ்தோத்திரம் ஆண்டவரே" என்றாள் பரிபூரணம். இரண்டு கையையும் குவித்து, கண்ணை மூடி, "ஸ்தோத்திரம், ஸ்தோத்திரம்" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். அப்படியே வரப்பில் உட்கார்ந்து முகத்தை முந்தானையில் புதைத்துக்கொண்டு சத்தம் போட்டு அழுதாள்.