கைராசியும் களைக்கொல்லியும்

என் தக்காளிச் செடிகளைக் கொன்றவர் என் கணவரின் அண்ணன். வேண்டுமென்றே செய்தார் என்று நான் சொல்லவில்லை. செய்துவிட்டுப் பழியை என் கைமேல் போட்டார். அதைத்தான் சொல்கிறேன்.

கடையில் இப்போது வருகிற தக்காளி தோல் தடித்து, நீளமாக இருக்கிறது. புளிப்பே கிடையாது. எத்தனை போட்டாலும் ரசம் சப்பென்றுதான் இருக்கும். சித்திரைக் கடைசியில் திருவிடைமருதூர் கடைத்தெருவில் ஒரு அம்மாளின் கூடையில் நாட்டுத் தக்காளியைப் பார்த்தேன். வாங்கிவந்து, நன்றாகப் பழுத்ததைப் பிதுக்கி, விதையைச் சாம்பலில் பிசறி நிழலில் காயவைத்தேன். தயிர் டப்பாக்களின் அடியில் ஓட்டை போட்டு, மண்ணும் மக்கிய சாணியும் கலந்து நிரப்பி, வைகாசியில் விதைத்தேன். முதல் தடவை முளைத்ததைக் கோழி கிளறிவிட்டது. மறுபடி விதைத்து, மேலே பழைய சல்லடையைக் கவிழ்த்துவைத்தேன்.

நாற்று ஒரு சாண் வளர்ந்ததும் கொல்லையில் மண்ணை அணைத்து மேட்டுப்பாத்தி போட்டு நட்டேன். எங்கள் ஊர் களிமண்ணில் தண்ணீர் நின்றால் தக்காளி வேர் அழுகிவிடும். நெல்லிலேயே பிறந்து வளர்ந்தவர்களுக்கு இது மண்டையில் ஏறாது. என் கணவர் ஹோஸைத் திறந்து பாத்தியை நிரப்பிவிட்டு நிற்பார்.

“ஏங்க, இது நாத்தங்கால் இல்ல. குளிப்பாட்டாதீங்க.”

“வெயிலுக்குத் தாகமா இருக்கும்டி.”

“உங்களுக்குத் தாகமா இருந்தா நீங்க குடிங்க. அத விடுங்க.”

மிஞ்சிய நாற்றுகளை வாசலில் இரண்டு பெயிண்ட் வாளிகளில் வைத்தேன்.

ஆடியில் பூத்தது. கூடவே இலைக்கு அடியில் வெள்ளை ஈ வந்தது. வேப்பெண்ணெயைச் சோப்புத் தண்ணீரில் கலந்து அடித்தால் போதும். முதுகில் மாட்டும் ஸ்பிரேயர் டேங்க் பக்கத்து வீட்டில் இருக்கும் அத்தானிடம், அதாவது கணவரின் அண்ணனிடம்தான் இருக்கிறது. நிலம் இன்னும் பொதுவில் இருப்பதால் டேங்க்கும் பொதுதான். போய்க் கேட்டேன்.

“கழுவியிருக்கா அத்தான்?”

“நல்லா கழுவிட்டேன். எடுத்துட்டுப் போ.”

“என்ன அடிச்சீங்க அதுல?”

“பூச்சிமருந்துதாம்மா. தக்காளிக்கு அடிக்க இம்புட்டு விசாரணையா? கலெக்டர் ஆபீஸ்லகூட இப்புடிக் கேக்க மாட்டாங்க.”

அதற்குமேல் கேட்டால் சண்டை. எடுத்துவந்து அடித்தேன். கொல்லை முடிந்ததோடு கலவை தீர்ந்துவிட்டது. வாசல் வாளிகளுக்கு அடிக்கவில்லை.

இரண்டொரு நாளில் கொல்லைச் செடிகளின் தண்டு முறுக்கிக்கொண்டது. இலைகள் விரல் விரலாகக் குறுகிச் சுருண்டன. பூ உதிர்ந்தது. ஒன்றுகூடத் தப்பவில்லை. வாசலில் இருந்தவை, அதே பழத்து விதை, நான் நட்டவை, பூவும் பிஞ்சுமாக நன்றாக நின்றன. அங்கேயும் வெள்ளை ஈ இருந்தது. டேங்க் மூடியைத் திறந்து மோந்து பார்த்தேன். வேப்பெண்ணெயையும் மீறி வேறொரு காட்டம் மூக்கில் ஏறியது. டேங்க்கைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது அத்தான் வீட்டில் இல்லை. அவர் மனைவியிடம் கேட்டேன்.

“அக்கா, கடைசியா இதுல என்ன அடிச்சாரு?”

“குறுவை வயல்ல கோரைக்கு அடிச்சாரு. நீ வந்து கேட்டதுக்கு மொத நாளு.”

கோரைக்கு அடிப்பது களைக்கொல்லி. அது நெல்லை ஒன்றும் செய்யாது, தக்காளியை விடாது. ஒரு தடவை தண்ணீர் ஊற்றிக் குலுக்கினால் டேங்க்கை விட்டுப் போகிற மருந்தும் இல்லை. கணவரிடம் சொன்னேன். “அண்ணன்ட்ட போயி இதெல்லாம் கேப்பாங்களா, விடு” என்றார். செடிகளைப் பிடுங்கிப் போட்டேன். அதோடு விட்டும்விட்டேன்.

புரட்டாசியில் சம்பா நடவு வந்தது. நடவு மெஷின் வந்தபிறகும் ஈசானிய மூலையில் முதல் கைப்பிடி நாற்றைக் கைராசியுள்ள ஒரு பெண் நட்டுத்தான் ஆரம்பிப்பார்கள். கல்யாணமாகி வந்ததிலிருந்து அதை நான்தான் செய்தேன். விளைச்சல் நன்றாக இருந்த வருடங்களில் என் கைராசிதான் என்று சொன்னவரே அத்தான்தான். இந்த வருடம் என்னைக் கூப்பிடவில்லை. கேள்விப்பட்டு வயலுக்குப் போனேன். அவருடைய மச்சினி நாற்று முடியோடு நின்றாள். மெஷின் ஓட்டுகிறவர் வாய்க்கால் ஓரமாக வண்டியில் உட்கார்ந்திருந்தார். வரப்பு முழுக்க ஊர் ஆட்கள்.

“ஏன் அத்தான், நான் என்ன பண்ணுனேன்?”

“கோவிச்சுக்காதம்மா. தக்காளி போன கதிதான் தெரியுமே. ஒரு வருசம் கைய மாத்திப் பாப்போம்.”

“மெஷின் நடப்போற வயலுக்குக் கைராசியா? அப்ப என் கையையும் பாத்துட்டுச் சொல்லுங்கண்ணே” என்றார் மெஷின்காரர். எல்லோரும் சிரித்தார்கள். என் கணவர் குனிந்து வேட்டியை மடித்துக் கட்டினார்.

“டேங்க்ல என்ன இருந்துச்சுன்னு சொல்லுங்க” என்றேன்.

“அத வீட்ல பேசிக்கலாம்.”

மெஷின்காரர் வண்டியைக் கிளப்பினார். அந்தச் சத்தத்தில் அதற்குமேல் எதுவும் காதில் விழவில்லை. மச்சினி நட்டாள்.

அன்று மதியமே அத்தான் கொல்லைப் பக்கமாக எங்கள் வீட்டுக்கு வந்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டு, “ஏதோ கொஞ்சம் ஒட்டிக்கிட்டு இருந்துருக்கும். மனசுல வச்சுக்காத” என்றார். எனக்குச் சொன்னது போதும் என்று நினைத்துவிட்டார். எனக்குத்தான் முன்பே தெரியுமே. தெரியாதவர்கள் வரப்பில் நின்றவர்கள்.

அதற்குப் பிறகு தெருவில் ஒரு வீட்டில் அவரைக்கொடிக்குப் பந்தல் போட்டார்கள். வழக்கமாக விதை ஊன்ற என்னைக் கூப்பிடுவார்கள். கூப்பிடவில்லை. வளைகாப்பு வீட்டில் நான் கருவேப்பிலைக் கன்று ஒன்றைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்கிச் சுவரோரமாக வைத்தார்கள். ஒரு வாரம் கழித்துப் போனபோதும் நடாமல் அங்கேயே இருந்தது. செடி போனால் போகட்டும், அடுத்த வைகாசியில் மறுபடி விதைப்பேன். ஊர் வாயில் விழுந்த பெயரை விதை போட்டு வளர்க்க முடியாது.

அத்தான், தை அறுவடைக்கு அதே ஆட்கள் அதே வரப்புக்கு வருவார்கள். அவர்கள் முன்னால் நின்று சொல்லுங்கள். நான் வந்து கேட்டபோது அந்த டேங்க்கில் என்ன மருந்து இருந்தது?