வெண்ணிலா பேசவில்லை

வெண்ணிலாவின் பெயர் பேப்பரில் வந்தால் அன்றைக்கு எனக்குச் சோறு இறங்காது. இதை மறைத்து ஒன்றும் ஆகப்போவதில்லை என்பதால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

வேலூரில் கல்லூரி விடுதியில் மூன்று வருஷம் நாங்கள் ஒரே அறை. அவள் அடிவாரத்துப் படவேட்டுக்காரி, கரும்பு போடுகிற வீடு. நான் ஜவ்வாது மலைக்காரி, புதூர்நாட்டுப் பக்கம் சாமை விதைக்கிற வீடு. அரசியல் அறிவியலில் நான்தான் வகுப்பில் முதல், அவள் இரண்டாவது. இருவரும் சேர்ந்தே குடிமைப் பணித் தேர்வு எழுதினோம். என் நோட்டை வைத்துத்தான் அவள் படித்தாள். நான் முதல் கட்டத்திலேயே கழன்றுவிட்டேன். அவள் எல்லாக் கட்டமும் தாண்டி வெளியுறவுப் பணிக்குப் போனாள். "உன் நோட்டு இல்லன்னா நான் இல்ல மாது" என்று டெல்லியிலிருந்து கடிதம் போட்டாள். மாதம்மாள் என்ற என் பெயரை அப்படிச் சுருக்கியது அவள்தான். கடிதத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு, இரண்டு நாள் கழித்து எடுத்து ஒட்டி வைத்தேன்.

அவளுக்கு முதலில் மாட்ரிட். ஸ்பானிய மொழி கற்றுக்கொண்டாள். அப்புறம் ஆப்பிரிக்காவில் ஒரு நாடு. அங்கே சிறையில் கிடந்த நம் மாலுமிகள் பதினொரு பேருக்காக அதிகாரிகளிடம் நடையாய் நடந்து, அவர்களை ஊருக்கு அனுப்பி வைத்தாள். படத்தோடு செய்தி வந்தது. அந்த வருஷம் நான் இங்கே மலைப் பள்ளிக்கூடத்தில் ஒன்பதாம் வகுப்புக்கு உலகப் படம் நடத்திக்கொண்டிருந்தேன். ஆப்பிரிக்கா வந்தால் வேகமாகத் தாண்டிவிடுவேன்.

பிறகு ஜெனீவா. மீன்பிடி ஒப்பந்தம் ஒன்றில் ஒரே ஒரு பத்திக்காக மூன்று வருஷம் பேசினாளாம். கடைசியில் அந்தப் பத்தியையே எடுத்துவிட்டார்களாம். நாற்பத்து மூன்று வயதில் வேலையை ராஜினாமா செய்துவிட்டு வந்துவிட்டாள். கேள்விப்பட்ட அன்று நான் கேசரி கிண்டினேன்.

அந்தச் சந்தோஷம் நான்கு வருஷம்தான். முனைவர் பட்டம் வாங்கி டெல்லியில் பேராசிரியர் ஆகிவிட்டாள். மனிதர்கள் சண்டையை எப்படிப் பேசித் தீர்க்கிறார்கள் என்பதுதான் அவள் நடத்தும் பாடம். எனக்கு வயிறு எரிந்தது. வெளிநாடு அவளுக்கு, வகுப்பறை எனக்கு என்று எப்படியோ மனதைத் தேற்றி வைத்திருந்தேன். இப்போது அதற்குள்ளும் வந்துவிட்டாள். அதுவும் கல்லூரி வகுப்பறை. இருபது வருஷமாக விண்ணப்பம் போட்டும் எனக்குக் கிடைக்காத இடம்.

போன தை மாதம் போன் செய்தாள். "மாது, உங்க ஊர்ல கூட்டம் போட்டு வழக்கு பேசுவாங்கன்னு ஹாஸ்டல்ல சொல்லுவியே, அத என் ஸ்டூடண்ட்ஸ் பாக்கணும். வரட்டா?"

எங்கள் ஊரில் குடும்ப வழக்கை ஊர்த் தலைவர் கோபால் கவுண்டர் முன்னால் வைத்துத்தான் தீர்ப்பது. அந்த மாதம் வந்திருந்தது என் கடைசித் தங்கை நதியாவின் வழக்கு. புருஷன் சந்திரன் அடித்து விரட்டியதால் ஒரு வருஷமாக என் வீட்டில் இருந்தாள். நாலு வயது மகள் பூஜாவை அவன் தன்னோடு வைத்துக்கொண்டான். கூட்டம் தீர்த்துவிட்டால் அன்றைக்கே பிள்ளை தாயிடம் வந்துவிடும். கோர்ட்டுக்குப் போனால் எத்தனை வருஷம் இழுக்கும் என்று யாருக்கும் தெரியாது. நதியா நாள் எண்ணிக்கொண்டிருந்தாள்.

"தாராளமா வா" என்றேன் வெண்ணிலாவிடம்.

கூட்டத்துக்கு ஒரு விதி உண்டு. வழக்குக்காரர் இருவரும் சொல்லி முடிக்கும்வரை வேறு யாரும் வாய் திறக்கக் கூடாது. வெளியாள் பேசினால் எழுந்து போகச் சொல்வார்கள். சொந்தக்காரர் பேசினால் வழக்குக்காரருக்குச் சொல்லிக்கொடுத்ததாக ஆகிவிடும். கூட்டம் அப்போதே கலையும், அடுத்த கூட்டம் புளி உலுக்கி முடித்த பிறகு, சித்திரையில்தான். இதை நான் வெண்ணிலாவிடம் சொல்லவில்லை. மறக்கவில்லை, வேண்டுமென்றே சொல்லவில்லை. ஜெனீவாவில் பேசிய வாயைக் கோபால் கவுண்டர் அடக்கி வெளியே அனுப்புவதை, அவள் மாணவர்களோடு சேர்ந்து நானும் பார்க்க வேண்டும். அவ்வளவுதான் என் ஆசை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மாணவர்களோடு ஜீப்பில் வந்து இறங்கினாள். பருத்திப் புடவை. தலைக்குச் சாயம்கூடப் போடவில்லை. பாழாய்ப் போனவளுக்கு அந்த நரையும் அழகாகத்தான் இருந்தது.

கோயிலுக்கு எதிரே தார்ப்பாய் விரித்து எல்லோரும் உட்கார்ந்தோம். பூஜா அவள் அப்பா மடியில் இருந்தாள். சந்திரன் முதலில் பேசினான். "நான் ஒண்ணும் பண்லீங்க. அதுவாதான் வூட்ட வுட்டுப் போச்சி. பெத்த கொழந்தயக்கூட திரும்பிப் பாக்கல" என்று கூசாமல் சொன்னான். இப்போது பேசிவிடுவாள், இப்போது பேசிவிடுவாள் என்று நான் வெண்ணிலாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் கையை மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி இருந்தாள். யாரும் சொல்லாமலே அவளுக்குப் புரிந்திருந்தது. ஒரு மாணவன் எதையோ கேட்க வாயெடுத்தபோது விரலை அசைத்து அடக்கினாள்.

என் பக்கத்து வீட்டுத் தேவி பின்னாலிருந்து என் காதோரம் குனிந்து, "எம்மாம் பெரிய படிப்பு படிச்சிக்கீது, எவ்ளோ அடக்கமா குந்திக்கீது பாரு" என்றாள். நான் படித்த படிப்பைப் பற்றி இந்தத் தேவி ஒரு நாளும் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

கோபால் கவுண்டர் நதியா பக்கம் திரும்பினார். "நீ சொல்லும்மா. இன்னா நடந்துச்சி?"

நதியா எழுந்து நின்றாள். ஒரு வருஷமாக மனதுக்குள் ஓட்டிப் பார்த்த பேச்சு. ஆரம்பிக்கும் முன் ஒரு மூச்சு இழுத்தாள். அதற்குள் நான் எழுந்துவிட்டேன்.

சட்டம் பேசினேன். தாய்க்கு என்ன உரிமை என்பதைப் பிரிவு எண்ணோடு சொன்னேன். குடும்ப வன்முறை, உச்ச நீதிமன்றம், பெண்ணின் கண்ணியம் என்று வகுப்பே எடுத்தேன். நடுவில் இரண்டு ஆங்கில வாக்கியம்கூட விட்டேன். பாவி, நன்றாகவே பேசினேன்.

கோபால் கவுண்டர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "டீச்சரம்மா, நீங்களே இப்பிடி பண்ணா எப்பிடிங்க? எல்லாம் எழுந்திரிங்கப்பா. சித்திரையில பாத்துக்கலாம்."

"தெரியாம பேசிட்டேங்க, மன்னிச்சிக்கோங்க" என்று பின்னாலேயே போனேன். அவர் திரும்பவில்லை. சந்திரன் பிள்ளையை பைக்கில் முன்னால் உட்கார வைத்துக்கொண்டு கிளம்பினான். நதியா ரோடு வரைக்கும் ஓடினாள்.

வெண்ணிலா என் கையைப் பிடித்து, "மாது, நீ சொன்னது எல்லாமே சரிதான்" என்றாள். யாரையும் நோகடிக்காமல் பேசியே காலம் தள்ளியவளுக்கு வேறென்ன சொல்ல வரும்? ஜீப் ஏறிப் போய்விட்டாள்.

நதியா திரும்பி வந்தாள். அழுகையெல்லாம் வழியிலேயே முடிந்திருந்தது.

"அக்கா, கவுண்டரு இந்தப் பக்கம் குந்தினு இருந்தாரு. நான் உன் பக்கத்துல நின்னுக்கினு இருந்தேன். நீ யாரப் பாத்துப் பேசின?"

"உனக்காகத்தான்டி..."

"கேட்டதுக்கு பதில் சொல்லு."

"வெண்ணிலாவ" என்றேன்.

அன்று சாயங்காலமே நதியா துணிமணியை எடுத்துக்கொண்டு தேவி வீட்டுக்குப் போய்விட்டாள். சித்திரைக் கூட்டத்துக்கு அக்கா வரக் கூடாது என்று கோபால் கவுண்டரிடம் அவளே போய்ச் சொல்லிவிட்டு வந்திருக்கிறாள்.