ரப்பர் வைத்து அழித்த படம்

1. டெஸ்ட் ஷாட்

குற்றாலத்திலிருந்து சுடலைமுத்து அண்ணாச்சி போன் செய்தபோது, நான் தென்காசி வீட்டில் ஸ்டோரிபோர்டுக்கு ஷேடிங் போட்டுக்கொண்டிருந்தேன்.

"தம்பி, தண்ணி நல்லா விழுது. சீசன் ஆரம்பிச்சிட்டு. கேமராவத் தூக்கிட்டு வாரியளா?"

"போர்டு முடியட்டும் அண்ணாச்சி."

பத்திரிகைக் கதைகளுக்குப் படம் வரைந்தே பிழைத்தவன் நான். தலை நரைத்த பிறகு சினிமா ஆசை வந்தது. ஆசை யாரை விட்டது? அருவிக்கரையில் எண்ணெய் மசாஜ் செய்யும் அண்ணாச்சியின் கைகளைப் பற்றி ஒரு குறும்படம். அவ்வளவுதான் கதை.

எடுக்கப்போகும் ஷாட்டுகளை முன்கூட்டியே வரைந்து வைப்பதுதான் ஸ்டோரிபோர்டு. குச்சி மனிதனைப் போட்டாலே போதும். வரைகிறவன் கை சும்மா இருக்குமா? அண்ணாச்சியின் விரலை நரம்பு நரம்பாக வரைந்தேன்.

அவர் நச்சரிப்பு தாங்காமல் ஒரு காலையில் போய்ச் செல்போனில் டெஸ்ட் ஷாட் எடுத்தேன். அண்ணாச்சி என்னை மறந்தே போனார். மசாஜுக்கு வந்தவரை வைதுகொண்டே தேய்த்தார்.

"கழுத்த லூசா விடும்வே! ஆபீச இங்கனயும் தூக்கிட்டா வந்தீரு?"

வீட்டுக்கு வந்து பார்த்தேன். ஃப்ரேம் கோணல், வெளிச்சம் மோசம். போர்டில் இருந்ததுபோல ஒன்றுகூட இல்லை. எங்கள் தொழிலில் மை போட்டுக் காய்ந்ததும் அடியிலுள்ள பென்சில் கோட்டை ரப்பரால் அழித்துவிடுவோம். அந்தப் பழக்கத்தில் எல்லாவற்றையும் டெலிட் செய்தேன்.

2. மறு சீசன்

போர்டு முடிவதற்குள் அருவி வற்றிவிட்டது. "அடுத்த சீசன்ல எடுப்போம் அண்ணாச்சி" என்றேன். "அருவி எங்க போவப் போவுது?" என்று சிரித்தார்.

பொங்கல் கழிந்து அவருக்குப் பக்கவாதம் வந்தது. வலது கை விழுந்துவிட்டது.

பார்க்கப் போனபோது போர்டையும் கொண்டுபோனேன். இடது கையால் ஒவ்வொரு தாளாகத் தள்ளிப் பார்த்தார். "என் கையேதான்" என்றார். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அப்போதுதான் அவர் மனைவி கேட்டார்கள்.

"தம்பி, அன்னைக்குச் செல்லுல எடுத்தியள்லா, அதக் காட்டுங்க. இவுக கை ஓடுததப் பாக்கணும் போல இருக்கு."

"அழிச்சிட்டேன் மதினி."

"ஏன்?"

"ஃப்ரேம் சரியில்ல."

மதினிக்கு அது புரியவில்லை. சொன்ன எனக்கே அங்கே அது புரியவில்லை.

"ஏட்டி, விடு" என்றார் அண்ணாச்சி. "தம்பி நல்லதா எடுக்கணும்னு நெனச்சிருக்காரு."

திட்டியிருந்தால் தேவலை. அந்தச் சொல்லைத்தான் இன்றுவரை என்னால் தாங்க முடியவில்லை.

கேமராவோடு கிளம்பும் பிள்ளைகளே, கோணலாக எடுத்ததையும் வைத்திருங்கள். பென்சில் கோட்டை அழித்தால் மேலே மைக்கோடு நிற்கும். நான் மை போடுவதற்கு முன்பே அழித்துவிட்டேன்.