பதினொரு ஓட்டை வாவி

தறியில் இடுப்பில் கட்டும் சாரம் நெய்தால் விலை என்ன என்று கேட்பார்கள். சுவரில் தொங்கவிட ஒரு துணி நெய்தால், உடம்புக்கு ஏதும் சரியில்லையா என்று கேட்பார்கள். ஏறாவூரில் பதினைந்து வருடம் சாரம் நெய்துவிட்டுக் கலையென்று இறங்கிய எனக்கு இரண்டும் பழகிப்போய்விட்டன. கைவேலை செய்கிறவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, நீங்களும் பட்டிருப்பீர்கள்.

கண் பெரிசு

மட்டக்களப்பு வாவியை நீல நூலில் நெய்தேன். வெயில் பட்டு மின்னும் இடங்களாகப் பதினொரு இடத்தில் குறுக்கு நூலே போடாமல், வெளிச்சம் வரட்டும் என்று விட்டிருந்தேன். சாரம் வாங்க வந்த வாழைச்சேனை மீன்காரர் ஒருவர் அதைத் தூக்கிப் பிடித்து, ஓட்டைக்குள் விரலை விட்டுப் பார்த்தார்.

"வலை நல்லாத்தான் இரிக்கி தங்கச்சி. ஆனா கண் பெரிசு, இறால் எல்லாம் போயிரும்."

கொழும்பு அழைப்பு

வாட்ஸ்அப்பில் நான் போட்ட வாவித் துணியின் படத்தைப் பார்த்துவிட்டு, கொழும்பில் கண்காட்சி நடத்தும் பெண்மணி ஒருவர் அழைத்தார். எனக்கு அது முதல் கண்காட்சி. இதையும் யாரும் வாங்காவிட்டால் மறுபடி சாரம் மட்டும்தான் என்று வீட்டில் வாக்குக் கொடுத்திருந்தேன். துணியை எடுக்க வியாழக்கிழமை வான் வண்டி வரும் என்றவர், ஃபோனை வைக்கும் முன் ஒன்று சொன்னார்.

"அந்த ஓட்டைகள்தான் அதுக்கு உயிரே. தயவுசெஞ்சு ஒண்டையும் தொட்டுடாதீங்க."

ராத்தாவின் உபகாரம்

வியாழன் காலை, துணியைச் சுற்றி அனுப்பக் குழாய் வாங்க டவுனுக்குப் போனேன். திரும்பி வந்தால், பக்கத்துத் தறியில் நெய்யும், எனக்கு அக்கா முறையான ஹிதாயா ராத்தா மூக்குக் கண்ணாடியோடு என் வாவியை மடியில் வைத்து, கடைசி நூலைப் பல்லால் கடித்துக்கொண்டிருந்தார். பதினொன்றும் அடைபட்டுவிட்டன! ராத்தாவின் துணியில் இன்றுவரை ஓர் இழை விட்டுப்போனதில்லை. எங்கள் நெசவுக் கொட்டிலிலிருந்து ஓட்டைத் துணி கொழும்புக்குப் போவதை அவரால் பொறுக்க முடியவில்லை. நீல நூலை நான் அலுமாரியில் பூட்டிவிட்டுப் போயிருந்ததால், சாரத்துக்கு வைத்திருந்த பழுப்பு நூலால் தைத்திருந்தார்.

நான் அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதேன். ராத்தா என் தலையைத் தடவினார்.

"இதுக்குப் போய் அழுவாங்களா புள்ள? நன்றியெல்லாம் வேணாம். நிறம் கொஞ்சம் மாறிச்சி, ஆனா பிடி உறுதி."

எத்தனை தோணி

பிரிக்கப் பார்த்தேன், பழுப்போடு நீலமும் இழுபட்டது. வாசலில் வான்காரர் ஹோர்ன் அடித்தார். அப்படியே சுருட்டிக் கொடுத்துவிட்டேன். கொழும்புக்கு அழைத்து உண்மையைச் சொல்லத் தைரியம் வரவில்லை. நாலு நாள் சோறு இறங்கவில்லை. ஐந்தாம் நாள் அந்தப் பெண்மணியே அழைத்தார். முதல் நாளே துணி விற்றுப்போயிற்றாம். ஓட்டைகளைவிட இந்தப் பழுப்புத் தோணிகள்தான் அதுக்கு உயிராம். நீலத் தண்ணீரில் போகும் அவற்றை வந்தவர்களெல்லாம் விரல்விட்டு எண்ணுகிறார்களாம். இன்னும் இரண்டு வேண்டுமாம். எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. ஓடிப்போய் ராத்தாவிடம் சொன்னேன். அவர் தறியை நிறுத்தவே இல்லை.

"தோணியோ கீணியோ, அடுத்ததுல எத்தின ஓட்டை விடுவாய் எண்டு முன்னமே சொல்லிரு. நான் நூல் எடுத்து வைக்கணும்."

பதினான்கு என்று சொல்லிவிட்டேன். கொழும்பில் அந்தத் துணிக்குக் கீழே என் பெயரை மட்டும் எழுதியிருந்தார்கள் என்பதைத்தான் ராத்தாவிடம் இன்னும் சொல்லவில்லை.