ஒரு குரலுக்கான பாட்டு, நாலெழுத்து

என் வீட்டுக்காரர் துறைமுகத்தில் கத்துகிற வேலை பார்த்தார். கேலிக்குச் சொல்லவில்லை, வேலையே அதுதான். கப்பலின் மேல்தட்டில், சரக்கு அறையின் வாய் ஓரமாக நின்றுகொண்டு, கீழே இருக்கிற கேங் ஆட்களையும் மேலே வின்ச் எந்திரம் ஓட்டுகிற ஆளையும் ஒருசேரப் பார்த்துக் கையை ஆட்டிக் குரல் கொடுக்க வேண்டும். சரக்கை மேலே தூக்க 'அபீஸ்'. கீழே இறக்க 'ஆரியா'. இந்த இரண்டு சொல்லில்தான் எங்கள் வீட்டில் உலை கொதித்தது. 'அபீஸ்' என்று அவர் சொல்வது என் காதில் எப்போதும் 'ஆபீஸ்' என்றே விழும். அதற்காக என்னைக் கிண்டல் செய்வார்.

எழுபதுகளின் தொடக்கம் அது. ராயபுரத்தில் மாதா கோயிலுக்குப் பின்சந்தில் ஒண்டுக்குடித்தனம். எண்ணூருக்குப் போகிற நிலக்கரி வந்து இறங்கும் நாட்களில் அவர் வீடு திரும்பினால் கண்ணும் பல்லும் மட்டும்தான் வெள்ளையாக இருக்கும். இருமினால் சளி கறுப்பாக வரும். முதலில் கரி நாட்களில் மட்டும் இருமினார். பிறகு கோதுமைக் கப்பலுக்கும் இருமினார். அப்புறம் பூசையில் முழங்கால் போட்டுக்கொண்டிருக்கும்போதும் இருமினார், முன்வரிசைக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஆஸ்பத்திரியில் டாக்டர் மார்பில் குழாயை வைத்துப் பார்த்துவிட்டு, "தூசி பக்கமே போகாதே, போனா நெஞ்சு தாங்காது" என்றார். மீன் விற்கிறவளிடம் கவுச்சி படாமல் இரு என்கிற மாதிரி. எனக்கு அழுகையைவிடக் கோபம்தான் முதலில் வந்தது.

தூசியிலிருந்து தப்ப ஒரே ஒரு வழி இருந்தது. ஷெட்டுக்குள் மேசை போட்டு, வருகிற போகிற மூட்டையை எண்ணி எழுதுகிற டாலி குமாஸ்தா வேலை. ஓர் இடம் காலியாகப் போகிறது, மேஸ்திரியும் இவர் பேரைச் சொல்லிவிட்டார். ஆனால் இங்கிலீஷ் தெரிய வேண்டும். ஆபீசர் கூப்பிட்டு உட்கார வைத்து வாயால் கேட்பாராம். இவர் பள்ளிக்கூடத்தில் எல்லாப் பாடத்திலும் தேறி, இங்கிலீஷில் மட்டும் கோட்டை விட்டவர். நான் எட்டாவதோடு நின்றவள். குருடனுக்குக் குருடன் கோல் பிடித்த கதைதான், ஆனால் பிடிக்க வேறு ஆள் இல்லை. வெளியே யாரிடமாவது கேட்கலாம் என்றால் அவர் ஒத்துக்கொள்ளவில்லை. "கேங்குல தெரிஞ்சா என்னிய தொர, தொரன்னு ஓட்டியே சாவடிப்பானுங்கமே. வாணாம்" என்றார்.

இலக்கணப் புத்தகம் ஒன்றை இரவல் வாங்கி வந்தேன். திறந்த உடனே அவருக்குக் கொட்டாவி வரும். அப்போதுதான் அண்ணாச்சி கடையில் துவரம்பருப்பு கட்டிக்கொடுத்த தாளில் அந்தக் கறுப்பு வெள்ளைக் கட்டங்களைப் பார்த்தேன். இங்கிலீஷ் பத்திரிகையின் குறுக்கெழுத்து. பருப்பை டப்பாவில் கொட்டிவிட்டுத் தாளைத் தடவி நீட்டி அவர் முன்னால் வைத்தேன். மனிதர் நிமிர்ந்து உட்கார்ந்தார். புத்தகத்தைப் பார்த்தால் தூங்குகிறவர், கட்டத்தைப் பார்த்தால் தூங்கவில்லை.

அண்ணாச்சி தெற்கத்திப் பக்கத்துக்காரர். கட்டம் போட்ட தாள் எல்லாவற்றையும் எனக்காக ஒதுக்கி வைத்தார். ஆனால் அதில் ஒரு வில்லங்கம். ஒவ்வொரு புதிருக்கும் கீழே 'விடை அடுத்த வாரம்' என்று இருக்கும். பொட்டலம் கட்ட வந்த பேப்பருக்கு ஏது அடுத்த வாரம்? அண்ணாச்சியிடம் கேட்டேன். "எடைக்கு வார பேப்பரு தாயி. தேதி பாத்தா வாங்குதேன்?" என்று சிரித்தார். ஆக, நாங்கள் போட்டதெல்லாம் சரியா தப்பா என்று ஒரு நாளும் தெரியாது. எழுத்து கட்டத்துக்குள் அடங்கிவிட்டால் சரி, இடித்தால் தப்பு. அவ்வளவுதான் எங்கள் வாத்தியார்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, சாப்பிட்டுவிட்டு உட்காருவோம். துறைமுகத்தில் புழங்கிய இங்கிலீஷ் வார்த்தைகள் அவரிடம் கூடை கூடையாக இருந்தன, எல்லாவற்றுக்கும் ஒரு 'உ' வால் முளைத்திருந்தது. 'சரக்கைத் தூக்கக் கட்டும் கயிறு, ஐந்தெழுத்து' என்று ஒரு குறிப்பு வந்தது. உடனே சிலிங்கு என்றார். ஏழெழுத்து ஆகிவிட்டது.

"இன்னாமே, கட்டம் பத்தலியே?"

"உன் வாயில கீற 'உ'வ துப்பு. நடுவுல சொருவின 'இ'யையும் எடு. பத்தும்."

துப்பினார், 'ஸ்லிங்' என்று கட்டம் பத்தியது. அன்றைக்கு எங்களுக்கு அது தீபாவளி.

இலக்கணமும் அப்படித்தான் நம்ம ஊர் பேச்சின் வழியாக வந்தது. வினைச்சொல்லுக்கு 'இங்' எங்கே போடுவது என்று மண்டையை உடைத்துக்கொண்டார். நான் சொன்னேன்: "நம்ம 'கினு' கீது பாரு, அதான் இவனுங்களோட 'இங்'. வந்துகினு கீறான், ஹீ ஈஸ் கமிங். கீறான்னா ஈஸ்." அவர் வாயைப் பிளந்துகொண்டு என்னைப் பார்த்தார். அடுத்த வாரம் முழுக்க எதைப் பார்த்தாலும் இங்தான். பூனை ஸ்லீப்பிங், உலை பாய்லிங், பொண்டாட்டி ஷவுட்டிங். எட்டாவதுக்கு மேல் படித்தவள் மாதிரி எனக்கே ஒரு மிதப்பு வந்தது.

ஒரு ஞாயிறு வந்த குறிப்பு இன்னும் கண்ணிலேயே நிற்கிறது. 'ஒரு குரலுக்கான பாட்டு, நாலெழுத்து.' முதல் எழுத்து ஏ. மூன்றாவது ஐ. பாட்டு என்று தெரியும், குரல் என்று தெரியும், நாலெழுத்தில் என்ன பாட்டு என்று எனக்கு ஒன்றும் ஓடவில்லை. அவர் தாளை என் கையிலிருந்து பிடுங்கினார்.

"ஆரியா!"

"அது எறக்குறதுக்குச் சொல்றது. பாட்டுக்கும் அதுக்கும் இன்னாய்யா?"

"யோசி. கேங்குல அத்தினி பேரு கீறான், எவனாவது வாயத் தொறக்குறானா? நான் ஒருத்தன்தான் குரல் குடுக்குறேன். ஒரு குரல். ஆரி...யான்னு இழுத்தா பாட்டு மாரி இல்ல? வெள்ளக்காரன் வுட்டுட்டுப் போன வார்த்தமே அது, எங்காளுங்க அல்லாருக்கும் தெரியும்."

ஏ, ஆர், ஐ, ஏ. நாலு கட்டத்தில் நாலு எழுத்தும் அச்சாக உட்கார்ந்தது. குறுக்கே போன வார்த்தைகளையும் இடிக்கவில்லை. தினமும் தான் கத்துகிற சொல் இங்கிலீஷ் பத்திரிகையிலேயே வந்துவிட்டது என்று அவருக்குத் தலைகால் புரியவில்லை. நானும் நம்பினேன். நம்பாமல் இருக்க எனக்கு என்ன தெரியும்?

ஆபீசர் கூப்பிட்ட நாளுக்கு முந்தின சாயங்காலம் மாதா படத்துக்கு முன்னால் மெழுகுவர்த்தி ஏற்றி வாய்விட்டே வேண்டினேன். "மாதாவே, இவர எப்டியாவது ஆபீஸ் பண்ணிடு."

பின்னாலிருந்து அவர் சிரித்தார். "மேல தூக்கச் சொல்றியா, ஒரேடியா மேலயே அனுப்பச் சொல்றியா?"

"வாயக் கழுவு" என்றேன்.

மறுநாள் கல்யாணச் சட்டையைப் போட்டுக்கொண்டு போனார். நான் நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தபோது திரும்பி வந்தார். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, தண்ணீர் கேட்காமல், சுவரில் சாய்ந்து உட்கார்ந்தார்.

"பாட்டாம்மே."

"இன்னா பாட்டு?"

ஆபீசர் எதிர்ச்சொல் கேட்டிருக்கிறார். பிக் என்றார், இவர் ஸ்மால் என்றார். ஹெவி என்றார், இவர் லைட் என்றார். அடுத்து ஆபீசர் லிஃப்ட் என்றார், தூக்குவது. மற்ற வார்த்தைகளுக்கு யோசித்த இவர் இதற்கு யோசிக்கவே இல்லை. வாழ்க்கை முழுக்கச் சொன்ன சொல், அச்சிலும் பார்த்தாகிவிட்டது. நெஞ்சை நிமிர்த்தி, "ஆரியா, சார்" என்றிருக்கிறார். ஆபீசர் பேனாவை வைத்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாராம். 'அது கப்பல்காரன் பேச்சுய்யா. இங்கிலீஷ்ல அதுக்குப் பாட்டுன்னு அர்த்தம், மேடையில ஒருத்தர் தனியாப் பாடுறது' என்றாராம். அதற்கப்புறம் கேட்ட எதற்கும் இவருக்கு வாய் வரவில்லை. கமிங், கோயிங் எல்லாம் போன இடம் தெரியவில்லை. போகலாம் என்று சொல்லிவிட்டார்கள்.

எனக்கு அந்த ஆபீசர் மேல் கோபம், அந்தக் கட்டத்தின் மேல் கோபம், அண்ணாச்சியின் பருப்பு மேல்கூடக் கோபம். யாரைப் போய்ப் பிடித்து உலுக்குவது? அவரோ என்னைப் பார்த்து லேசாகச் சிரித்தார்.

"அப்ப நாம கட்டத்துல போட்டது கரீட்டுதான்மே."

அத்தனை தாளில், அத்தனை கட்டத்தில், எங்களுக்குக் கிடைத்த ஒரே விடை அதுதான். நெத்திலியை அப்படியே விட்டுவிட்டு எழுந்துபோய்க் குழாயடியில் நின்று அழுதேன்.

மறுநாள் அவர் பழையபடி கப்பலேறினார். வேறு என்ன செய்வது? சுடுதண்ணீர், கஷாயம், மாத்திரை, நேர்த்திக்கடன் என்று என்னால் முடிந்ததெல்லாம் செய்தேன். முடிந்தது அவ்வளவுதான். மூக்கில் கட்டிக்கொள்ளத் துணி தைத்துக் கொடுத்தேன். "வாயக் கட்டிகினா எப்டி கத்துறது?" என்று மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். சாயங்காலம் அது வெள்ளையாகவே திரும்பி வரும். அண்ணாச்சி கொடுத்த தாள்களை நான் அடுப்பெரிக்க எடுத்தால் மட்டும் தடுப்பார். ஞாயிற்றுக்கிழமைகளில் தனியாகவே உட்கார்ந்து கட்டம் போட்டார். இருமல் வந்தால் பென்சில் கோடு இழுத்துக்கொண்டு போய்விடும், அழித்துவிட்டு மறுபடி எழுதுவார். நான் பார்த்துக்கொண்டிருப்பேன். குரல் மெல்லத் தேய்ந்தது. கடைசியில் அவர் கத்துவது வின்ச்காரருக்குக் கேட்கவில்லை என்று கீழே உட்கார்ந்து சாக்கு தைக்கிற வேலை கொடுத்தார்கள். அங்கேயும் தூசிதான்.

மழைக்காலத்தில் போய்ச் சேர்ந்தார். காசிமேட்டுக் கல்லறைத் தோட்டத்துக்கு அவருடைய கேங் முழுவதும் வந்திருந்தது. ஈர மண், வழுக்கியது. நாலு பேர் கயிற்றைப் பிடித்துப் பெட்டியை இறக்கினார்கள். தலைமாட்டுப் பக்கம் கயிறு இளகிப் பெட்டி ஒருக்களித்தது. நான் "ஐயோ" என்று அலறிவிட்டேன். சாமியார் ஜெபத்தை நிறுத்தினார்.

அப்போது குழியின் ஓரத்தில் ஒருவர் வந்து நின்றார். இவருடைய இடத்தில் இப்போது நின்று கத்துகிற ஆள். கப்பலில் செய்வது போலவே கையை முன்னால் நீட்டி, உள்ளங்கையைக் கவிழ்த்து, மெல்ல அசைத்தார். அவர் குரல் மட்டும் கேட்டது.

"ஆரி...யா. ஆரி...யா."

பெட்டி சமமாகி, இடிக்காமல் உள்ளே இறங்கி உட்கார்ந்தது. அது எந்த பாஷை என்று அங்கே யாரும் கேட்கவில்லை.