சுந்தரேசன் சார் வேண்டாம் என்று சொல்லாத மீன்கள்

செவ்வாய்க்கிழமை காலை, பால் பாக்கெட்டைக் கத்தரித்துக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது. பேசியவர் சுந்தரேசன் சாரின் பக்கத்து வீட்டு வங்காளி, கோஷ்தா. "திதி, மாஸ்டர்மொஷாய் ஆர் நேய்" என்றார். அக்கா, மாஸ்டர் இனி இல்லை. தூக்கத்திலேயே போயிருக்கிறார். எனக்கு முதலில் வந்தது அழுகை அல்ல, கோபம். இரண்டு நாள் முன்னால், ஞாயிற்றுக்கிழமைதான், அவரோடு சண்டை போட்டுவிட்டு, அவர் கலந்து வைத்த காப்பியைத் தொடாமல் எழுந்து வந்திருந்தேன். அடுத்த ஞாயிறு போய் மிச்சத்தைப் பேசி முடித்துக்கொள்ளலாம் என்றிருந்தேன். வாதத்தைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்து போவது அவருக்குப் பழக்கம்தான். இந்த முறை கொஞ்சம் அதிகமாகவே செய்துவிட்டார்.

நம் தமிழ்ச் சங்கத்து இரங்கல் கூட்டத்தில் எல்லோரும் ஒரே விஷயத்தைச் சொன்னீர்கள். யார் எதைக் கேட்டாலும் மாட்டேன் என்று சொல்லாதவர். கணக்குச் சொல்லிக் கொடுக்கக் கூப்பிட்டால் போவார், தேர்வுக் கண்காணிப்புக்கு ஆள் இல்லையென்றால் நிற்பார், பொங்கல் விழாவுக்கு நாற்காலி எண்ணுவார். எல்லாம் உண்மை. இருபத்திரண்டு வருடம் ஆசிரியர் அறையில் அவர் கணக்கு நோட்டுகளுக்கு எதிரே உயிரியல் நோட்டுகள் திருத்தியவள் நான், எனக்குத் தெரியாதா? ஆனால் அந்தக் குணத்துக்கு விலை கொடுத்தது யார் என்று ஒருவரும் சொல்லவில்லை. லலிதாவின் சின்ன மீன்கள் கொடுத்தன. அதைத்தான் நம் சங்க இதழில் இங்கே எழுதப்போகிறேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அவர் மனைவி லலிதாவுக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் முழுக்க விழுந்துவிட்டது. கட்டிலைவிட்டு எழ முடியாது. பார்த்துக்கொண்டிருக்க ஏதாவது வேண்டும் என்று டாக்டர் சொன்னார். ஷியாம்பஜார் பக்கம் ஞாயிறுதோறும் கூடும் மீன் சந்தைக்கு நானும் சாரும் போனோம். நீலமும் சிவப்புமாகக் கோடு மின்னும் நியான் டெட்ரா பன்னிரண்டு வாங்கச் சொன்னேன். விரல் நகம் அளவுதான் இருக்கும். கூட்டமாக விட்டால்தான் பயமில்லாமல் நீந்தும். கூடவே, தரையைத் துழாவித் தின்னும் சின்னக் கெளுத்தி ஆறு. அவை கீழே, இவை நடுவே. யாருக்கும் யாரோடும் சண்டை இல்லை.

கடைக்காரர் விடவில்லை. வரி வரியாக இருந்த டைகர் பார்பைக் காட்டி, "ஏட்டாவோ ஷாந்தோ, திதி" என்றார். இதுவும் சாதுதானாம். சார் உடனே பையை நீட்டிவிட்டார். நான் தடுத்து, வகுப்பில் சொல்வது போலச் சொன்னேன்: "சார், நீளப் பின்னல் போட்ட பெண்ணுக்குப் பின் பெஞ்சில், கையில் கத்தரிக்கோல் உள்ள பையனை உட்கார வைப்பீர்களா? இது அடுத்தவன் வாலைக் கடிக்கிற மீன்." அவர் சிரித்தார். "வைப்பேன் டீச்சர். வெச்சிருக்கேன். அந்தப் பையன் திருந்திட்டான்" என்றார். உண்மையில் ஒரு பையன் திருந்தியிருந்தான். ஒரே ஒரு பையன். ஒரு தடவை நடந்ததை விதியாக்குவது கணக்கு வாத்தியார் செய்யக்கூடிய தப்பா, சொல்லுங்கள்.

அன்றைக்கு நான்தான் ஜெயித்தேன். கட்டிலுக்குப் பக்கத்தில் தொட்டி வந்தது. லலிதா தினமும் விடிந்ததும் மீன்களை எண்ணுவாள். நீந்துகிற நியானை எண்ணுவது லேசில்லை. ஒன்றையே இரண்டு முறை எண்ணிவிடுவோம். அவள் தப்பில்லாமல் எண்ணுவாள். பேச்சுக்கூடக் குழறிய அந்த மாதங்களில் "பன்னெண்டு" என்ற சொல்தான் முதலில் தெளிவாக வந்தது. சார் அதை ஆசிரியர் அறையில் வந்து சொன்னபோது எனக்கும் கண் கலங்கியது.

ஐந்தாறு மாதம் நன்றாகப் போயிற்று. பிறகு கோஷ்தா ஒரு அலுமினியப் பாத்திரத்தோடு வந்தார். வங்காளிகள் வீட்டில் நோயாளிக்கு உயிருள்ள கொய் மீனை வாங்கிக் குழம்பு வைத்துக் கொடுத்தால் ரத்தம் ஊறும் என்பார்கள். கரியாஹாட் மார்க்கெட்டில் தேடிப் பொறுக்கி வாங்கி வந்திருக்கிறார். இவர்கள் சைவம் என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். "அண்ணி சாப்பிட மாட்டாங்க, தெரியும். அதனால என்ன? பாக்கட்டும்!" என்று வங்காள மொழியில் சொல்லிவிட்டுப் பாத்திரத்தை நீட்டினார். அன்பில் ஒரு குறையும் இல்லை. ஆனால் கொய் என்பது நம் ஊர்ப் பனையேறிக் கெண்டை. தரையில்கூடச் செவுளை ஊன்றி நகரும் முரட்டு மீன். நியானுக்குப் பக்கத்தில் அதை விடுவது, பாலர் வகுப்பில் பயில்வானை உட்கார வைப்பது போல.

மீன் சாப்பிடாத நம்மவர்களுக்கு எந்த மீன் எதைத் தின்னும் என்பதும் தெரியாது. சாருக்குத் தெரிந்ததெல்லாம் இரண்டு: நோயாளிக்கு வந்த பொருளைத் திருப்பக் கூடாது, திருப்பினால் அது அருவாமணைக்குப் போகும். எடுத்துத் தொட்டியில் விட்டுவிட்டார். மறுநாள் காலை லலிதா "ஒம்பது" என்றாள்.

அன்று சாயங்காலமே ஓடினேன். "சார், அதைத் தனியா ஒரு வாளியில விடுங்க" என்றேன்.

"தனிச் சிறை மாதிரி ஆயிடாதா டீச்சர்? பசியாலதான் கடிச்சிருக்கு. வயிறு நெறஞ்சவன் யாரையும் கடிக்க மாட்டான்."

"அதுக்குக் கெட்ட எண்ணம் ஒண்ணும் கிடையாது சார். வாய் பெரிசு. வாய்க்குள்ள போற அளவுல எது எதிர்ல வந்தாலும் அதுக்கு அது சாப்பாடுதான். வயிறை நிரப்பினா வாயும் சேர்ந்து வளரும்."

அப்படியேதான் ஆயிற்று. அவர் வேளைக்கு வேளை மண்புழு வாங்கிப் போட்டார். கொய் கொழுத்தது. ஏழு, ஐந்து என்று எண்ணிக்கை இறங்கியது. அப்போது அவர் செய்த காரியத்தை இன்றும் மன்னிக்க முடியவில்லை. லலிதா தூங்கும்போது ஏழு புது நியானைக் கொண்டுவந்து விட்டு எண்ணிக்கையைச் சரிக்கட்டினார். அவள் காலையில் எண்ணிவிட்டு, கட்டிலருகே இருந்த என்னைப் பார்த்து மெதுவாகச் சொன்னாள்: "பன்னெண்டு இருக்கு டீச்சர். ஆனா ஏழு எனக்கு யாருன்னே தெரியல." சார் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

கொய் கடைசியில் தானாகவே தொட்டியைவிட்டு எகிறி விழுந்து செத்தது. இனி பாடம் கற்றிருப்பார் என்று நினைத்தேன். பிறகு நீங்கள் ஆரம்பித்தீர்கள்.

ஆமாம், இதைப் படிக்கிற உங்களைத்தான் சொல்கிறேன். வங்கியில், கம்பெனியில் மாற்றல் உத்தரவு வரும். சாமான் லாரியில் போகும், நீங்கள் சென்னை வண்டியில் போவீர்கள். மீனை என்ன செய்வது? "சுந்தரேசன் சார் வீட்ல விட்டுடலாம், அவர் வேணாம்னு சொல்ல மாட்டார்." குளிர்ந்த தண்ணீர் கேட்டு, அழுக்கை வாரி இறைக்கும் தங்கமீன் வந்தது. வாலைக் கடிக்கும் பார்ப் வந்தது. சால்ட் லேக்கிலிருந்து ஒரு ஏஞ்சல் மீன் வந்தது. அது வரும்போது எட்டணாக் காசு அளவு. முகத்தைப் பார்த்தால் கோயில் சிலை போல அமைதி. ஒரே வருடத்தில் உள்ளங்கை அளவானதும் நியான்களை ஒவ்வொன்றாக முடித்தது; சார் புதிது வாங்கி விட, அவற்றையும் முடித்தது. நான் ஒவ்வொரு முறையும் சொன்னேன். பலகையில் எழுதாத குறை. யார் எந்த அளவுக்கு வளர்வார், எந்தச் சூட்டில் இருப்பார், எதைத் தின்பார் என்று தாளில் கட்டம் போட்டுக்கூடக் கொடுத்தேன். கட்டம் அழகாக இருக்கிறது என்று பாராட்டினார். அதைத் தொட்டிக்கு அடியில் விரித்து, மேலே தொட்டியை வைத்தார்.

அந்தக் கடைசி ஞாயிறு தொட்டியில் இரண்டே நியான் மிச்சம். செடிக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு, வெளியே வரவே இல்லை. லலிதா இப்போதெல்லாம் எண்ணுவதில்லை. சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். வாசலில் ஒரு தம்பதி வாளியோடு நின்றார்கள்.

"இந்தத் தொட்டி யாருக்கு வாங்கினது சார்? உங்க மனைவிக்கா, ஊருக்கா?" என்று அவர்கள் காதில் விழும்படியே கேட்டேன்.

"நீங்க சொல்றது சரிதான் டீச்சர். எப்பவுமே சரியாத்தான் சொல்றீங்க. ஆனா அவங்க வாசல்ல நிக்கறாங்களே!"

"லலிதா இருபது அடி தள்ளிப் படுத்திருக்கா. அவளால வாசலுக்கு வந்து நிக்க முடியாது. அதனாலதானே அவ உங்க கண்ணுல படல?"

அவர் வாசலுக்குப் போனார். வாளியை வாங்கிக் கீழே வைத்தார். நான் எழுந்து வந்துவிட்டேன். அந்தக் கேள்விக்கு அவரிடம் என்ன பதில் இருந்தது என்று இனி எனக்குத் தெரியப்போவதில்லை.

பதின்மூன்றாம் நாள் காரியம் முடிந்ததும் நானும் கோஷ்தாவும் சட்டைக் கையை மடித்துக்கொண்டு, அதாவது அவர் சட்டைக் கையை மடித்து, நான் புடவைத் தலைப்பைச் செருகிக்கொண்டு, தொட்டியில் கைவிட்டோம். பெரியவை எல்லாவற்றையும் பிடித்து வாளிகளில் மாற்றினோம். கோஷ்தாவுக்குக் கண்ணீர் நிற்கவில்லை. "நான்தான் திதி, நான்தான் ஆரம்பிச்சு வெச்சேன்" என்று திரும்பத் திரும்பச் சொன்னார். லலிதா எங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். செடிக்குப் பின்னாலிருந்து இரண்டு நியானும் நடுத்தண்ணீருக்கு வர அரை மணி ஆயிற்று. அப்போது அவள் கேட்டாள்: "இத்தனை நாளா இதைச் செஞ்சிருக்கலாமே டீச்சர், இல்லையா?" அவர் செய்யவில்லை என்று சொல்லலாம். ஆனால் நானும் பதினைந்து வருடம் சொல்லிக்கொண்டுதானே இருந்தேன்? ஒரு நாளாவது ஒரு வாளியைக் கையில் எடுத்தேனா?

எடுத்த மீன்களைச் சந்தையில் கொடுத்துவிடுவதாகத்தான் திட்டம். வாடகை வண்டி பிடித்து வீட்டுக்குக் கொண்டுவந்தேன். ஞாயிறு வந்தது, நான் போகவில்லை. இப்போது என் வீட்டுக் கூடத்தில் நான்கு தொட்டிகள். ஏஞ்சலுக்கு ஒன்று, தங்கமீனுக்கு ஒன்று, பார்புகளுக்கு ஒன்று, பெயர் தெரியாத ஒரு முரடனுக்கு ஒன்று. ஒருவரையொருவர் பார்த்து மோதாமலிருக்க நடுவே செய்தித்தாள் ஒட்டியிருக்கிறேன். குழாய்த் தண்ணீரை முந்தின நாளே பிடித்து வைத்து மாற்றுவதற்குள் இடுப்பு ஒடிகிறது. யாராவது மாற்றலாகிப் போவதாக இருந்தால் என்னிடம் வாருங்கள். லலிதா வீட்டுக்குப் போகாதீர்கள். அவளுடைய தொட்டிக்கு நானே பார்த்துப் பத்து நியான் வாங்கி விட்டிருக்கிறேன். அந்தக் கதவைத் தட்டுகிறவர்களுக்கு வேண்டாம் என்று சொல்ல கோஷ்தாவைப் பழக்கியிருக்கிறேன். மனிதருக்குக் கஷ்டமாகத்தான் இருக்கிறது, ஆனால் சொல்லிவிடுகிறார்.

சுந்தரேசன் சாரிடமிருந்து எனக்குக் கிடைத்தவை இந்த நான்கு தொட்டிகள். கூடவே ஒரு கோபம். தொட்டிகளை யாராவது கேட்டால் கொடுத்துவிடுவேன். கோபத்தை மட்டும் நானே வைத்துக்கொள்கிறேன். அது இருக்கும்வரை அவரோடு பேச எனக்கு ஏதோ மிச்சமிருக்கிறது.