மூடியைத் திறந்தது நான்தான்

பெரியவளே, சின்னவனே, பாய் வீட்டுக் கெலுலுட் தேனீக் கூடு என்ன ஆனது என்று நீங்கள் கேட்டபோது, பறந்து போய்விட்டது என்றேன். அது பொய். நடந்ததை எழுதுகிறேன்.

தம்போயில் நம் பக்கத்து வீட்டுப் பாய், மனைவி இறந்த பிறகு தனியாக இருந்தார். தினமும் காலையில் போர்ச்சில் நாற்காலி போட்டு அந்தக் கூட்டின் முன்னால்தான் உட்காருவார். கொட்டத் தெரியாத குட்டித் தேனீக்கள். அடியில் மரத்துண்டு, மேலே பலகைப் பெட்டி, அதற்கு மூடி. மூடியைச் சுற்றி டேப் ஒட்டியிருப்பார்.

மகளுக்குப் பிரசவம் என்று மெர்சிங்கிற்குப் போகும்போது கூட்டைத் தூக்கி வந்து நம் வீட்டுப் போர்ச்சில் வைத்தார்.

"தம்பி, தண்ணி ஊத்த வேணாம், சாப்பாடு வைக்க வேணாம். மூடிய மட்டும் தொறந்துடாத. சின்ன ஈ ஒண்ணு இருக்கு. அது பூந்துச்சுன்னா முடிஞ்சிடும்."

"நான் பாத்துக்கிறேன் பாய், நீங்க போயிட்டு வாங்க," என்றேன்.

தீபாவளி வந்தது. நம் வீட்டு ஓப்பன் ஹவுஸ் விருந்து உங்களுக்கு நினைவிருக்கும். போர்ச் முழுக்க ஆட்கள். உங்கள் மாமாதான் ஆரம்பித்தார்.

"என்ன மச்சான், தேன் கூட்ட டேப் போட்டு வச்சிருக்கீங்க? பேங்க் லாக்கரா?"

"பாயோடது மச்சான். தொறக்கக் கூடாது."

"அலமாக்! ஒரு வாய் தேனுக்கு இவ்ளோ பயமா? ஸ்ட்ரா கொண்டாங்க லா!"

எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு வெட்கமாகிவிட்டது. டேப்பைக் கிழித்தது நான். ஸ்ட்ராவை நீட்டியதும் நான். உள்ளே தேனீக்கள் தேன் சேர்த்திருந்த குட்டி மெழுகுச் சட்டிகளைக் குத்தி ஆளுக்கு ஒரு வாய் உறிஞ்சினோம். "புளிக்குதுப்பா," என்று நீங்கள் முகம் சுளித்தீர்கள். அவசரத்தில் தேன் சட்டிகளோடு பக்கத்தில் இருந்த மகரந்தச் சட்டிகளும் உடைந்தன. பிறகு டேப் ஒட்டினேன், ஆனால் பிசுபிசுப்பில் ஒரு மூலை ஒட்டவில்லை. நாளைக்குப் பார்க்கலாம் என்று விட்டுவிட்டேன்.

அந்த ஈயை நான் மூன்றாம் நாள் பார்த்தேன். எள்ளளவுதான் இருக்கும். முதுகு கூனியிருக்கும். தொட்டால் உடனே பறக்காது. விட்டு விட்டு ஓடும், நிற்கும், மறுபடி ஓடும். உடைந்த மகரந்தத்தின் புளித்த வாசம்தான் அதை இழுக்கிறது. வாசலில் காவல் தேனீக்கள் உண்டு. ஆனால் மேலே விரிசல் இருந்தால் அவை என்ன செய்யும்? பெண் ஈ உள்ளே போய் மகரந்தத்தில் முட்டை வைக்கும். ஓரிரு நாளில் புழு. புழுக்கள் மகரந்தத்தைத் தின்று, அதன்பின் தேனீக் குஞ்சுகளையும் தின்னும். வளர்ந்து ஈயானதும் அதே கூட்டிலேயே மறுபடி முட்டை. கூடு பலமாக இருந்தால் தேனீக்கள் முட்டைகளைப் பொறுக்கி வெளியே எறிந்துவிடுமாம். நாம் பாதிக் கூட்டை உடைத்திருந்தோம். உள்ளதை ஒட்டவே அவற்றுக்கு நேரமில்லை.

இதெல்லாம் பின்னால் கேட்டுத் தெரிந்துகொண்டது. அன்று எனக்குத் தெரிந்தது பயம் மட்டும்தான். ஒரு சிறிய பாட்டிலின் மூடியில் ஈ மட்டும் நுழையும்படி ஊசியால் ஓட்டை போட்டு, வினிகர் ஊற்றிக் கூட்டுக்குள் வைத்தேன். தினமும் நிறைய ஈ செத்து மிதந்தது. ஆனாலும் வந்துகொண்டே இருந்தது. பாய் போன் செய்தபோது, "நல்லா இருக்கு பாய்," என்றேன். ஒருமுறை அல்ல, மூன்று முறை.

அவர் திரும்பி வந்த அன்று நீங்கள் பள்ளியில் இருந்தீர்கள். கூட்டு வாசலில் காதை வைத்துப் பார்த்தார். மூடியைத் திறந்தார். உள்ளே வெள்ளைப் புழுக்கள் நெளிந்தன. ஒரு மூலையில் கொஞ்சம் தேனீக்கள், உடைந்ததை அடைக்க இன்னும் பிசின் பூசிக்கொண்டிருந்தன.

"ஈ வந்துடுச்சு பாய்," என்றேன்.

"ஈ தானா மூடியத் தொறக்காது தம்பி."

அப்போதுதான் எல்லாவற்றையும் சொன்னேன், ஸ்ட்ராவையும் சேர்த்து. அவர் திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

"மிச்சம் இருக்கிறத காப்பாத்த முடியாதா பாய்?"

"ராணி இல்ல. இது பொழைக்காது. இப்படியே விட்டா அடுத்த தெருவுல மலாய்க்காரர் கூடு வச்சிருக்காரே, இந்த ஈ அங்க போயிடும். குப்பப் பையில போட்டு வாயக் கட்டு. வெயில்ல வை, சூட்டுல எல்லாம் செத்துடும். என்னால முடியாதுப்பா."

தன் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே போய்விட்டார். இப்போதெல்லாம் காலையில் அவர் போர்ச்சுக்கு வருவதில்லை.

கறுப்புப் பையை எடுத்துக் கூட்டை உள்ளே இறக்கினேன். அந்தக் கொஞ்சம் தேனீக்களும் உள்ளேதான் இருந்தன. வாயை இரண்டு முடிச்சாகக் கட்டி, பின்சந்தில் சிமெண்டுத் தரையில் வைத்தேன். கொஞ்ச நேரத்தில் சுவரின் நிழல் அதன்மேல் விழுந்தது. பையை இரண்டு கையாலும் பிடித்து, வெயில் இருந்த பக்கம் நகர்த்தி வைத்தேன்.